ஆடு தின்னும் இலை

ஆண்டு மலருக்குக் கட்டுரை கேட்டார்கள். முயலுக்குப் புல் அறுத்த கதையை எழுதப் போகிறேன் என்றேன். உடன் இருந்த நண்பர் விழுந்து விழுந்து சிரித்தார். "நிலவில் முயல் இருக்கிறதே, அதைப் பற்றிக் கவிதை எழுது, மலரில் உடனே போடுவார்கள். புல்லைப் பற்றி எழுத என்னப்பா இருக்கிறது?" என்று கேட்டார். அவருக்கு அன்று பதில் சொல்ல வாய் வரவில்லை. சொல்ல வேண்டியது நீளம். மேலும், அதில் நான் தலைகுனிய வேண்டிய இடம் ஒன்றும் உண்டு. அதனால்தான் எழுத்தில் சொல்கிறேன்.

விருதுநகருக்கும் சாத்தூருக்கும் இடையில், நான்கு வழிச்சாலையிலிருந்து கூப்பிடு தூரத்தில் எங்கள் ஊர். கரிசல் மண். மழை பெய்தால் காலை விடாது. பெய்யாவிட்டால் கையே நுழையும் அளவுக்கு வெடிக்கும். வெள்ளாமை வானத்தை நம்பியது. ஆகவே எங்கள் ஊர்ப் பெண்களில் பாதிப்பேர் பட்டாசுத் தொழிற்சாலைக்குப் போகிறார்கள். எங்கள் பக்கத்தில் அதைத் தொழிற்சாலை என்று யாரும் சொல்வதில்லை, 'ஆபீஸ்' என்பார்கள். தீப்பெட்டி ஆபீஸ், பட்டாசு ஆபீஸ். வெளியூர் நண்பர்களிடம் "எங்கம்மா ஆபீசுக்குப் போயிருக்காங்க" என்று சொன்னால், ஏதோ மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்து கோப்பு பார்க்கிறார் என்று நினைத்துக்கொள்வார்கள். எங்கம்மா மாலையில் வரும்போது முழங்கை வரை வெள்ளி பூசியதுபோல் மின்னும். அலுமினியப் பொடி.

2018ஆம் ஆண்டு அக்டோபர் 23ஆம் நாள் உச்ச நீதிமன்றத்தின் தீர்ப்பு வந்தது. பசுமைப் பட்டாசுதான் செய்ய வேண்டும், பேரியம் கலந்த மருந்து கூடாது, சரவெடி கூடாது என்றார்கள். அந்தத் தீபாவளி முடிந்ததும் சிவகாசி வட்டாரத்துப் பட்டாசு ஆலைகள் மூடப்பட்டன. மறுபடி திறக்க மார்ச் மாதம் ஆகிவிட்டது. தீர்ப்பு சரியா தவறா என்று வாதாட இங்கே வரவில்லை. சனிக்கிழமைக்குச் சனிக்கிழமை வந்துகொண்டிருந்த சம்பளம் நான்கு மாதம் வரவில்லை என்பது மட்டுமே எனக்கு நேரே தெரிந்த செய்தி. நான் அப்போது ஒன்பதாம் வகுப்பு. தங்கை ஐந்தாம் வகுப்பு.

டிசம்பரில் ஒருநாள் மாமா, அம்மாவின் தம்பி, ஒரு கூடையைத் தூக்கிக்கொண்டு வந்தார். திறந்தால் நான்கு முயல்கள். ஒரு கடா, மூன்று பெட்டை. மூன்று வெள்ளை, சிவந்த கண். ஒன்று மட்டும் சாம்பல் நிறம். "அக்கா, இது மாசம் ஒருவாட்டி குட்டி போடும். விருதுநகர்ல புள்ளைக ஆசைக்கு ஜோடி ஜோடியா வாங்குறாங்க. தீவனத்துக்குக் காசு வேணாம். ரோட்டோரத்துப் புல்லு போதும்" என்றார். மாமா சொன்னதில் முதல் இரண்டும் ஏறத்தாழ உண்மை. சினையானால் முப்பது, முப்பத்தோரு நாளில் ஈன்றுவிடும். மூன்றாவது சொன்னாரே, ரோட்டோரத்துப் புல் போதும் என்று, அதுதான் இந்தக் கட்டுரை.

கூண்டு செய்து, கம்பி வலை அடித்து, வேப்ப மரத்தடியில் நிறுத்தினோம். சாம்பல் நிறத்துப் பெட்டைக்குத் தங்கை 'மேகம்' என்று பெயர் வைத்தாள். மற்றவற்றுக்குப் பெயர் இல்லை. விற்கிற பிராணிக்குப் பெயர் வைக்கக்கூடாது என்று அம்மா சொல்லியும் கேட்கவில்லை.

இலை பறிக்கும் வேலை எனக்கு. எனக்கு ஆசிரியர் அப்பத்தா. ஐம்பது ஆண்டு வெள்ளாடு மேய்த்தவள். எழுத்து வாசிக்கத் தெரியாது. ஆனால் ஓடைக்கரையில் நடந்துகொண்டே இடமும் வலமும் செடிகளின் பெயரைச் சொல்லிக்கொண்டு வருவாள், நம் ஆசிரியர் வருகைப் பதிவேடு வாசிப்பதுபோல. அவளுக்கு ஒரே ஒரு சட்டம்தான். "ஆடு கடிக்கிறதையெல்லாம் மொசலுக்குப் போடுய்யா. ஆடு மோந்து பாத்துட்டுப் போற எதையும் தொடாத." அவ்வளவுதான்.

இந்தச் சட்டத்தை எளிதில் சிரித்துத் தள்ளிவிட முடியாது. நம் முன்னோர் செடிகளுக்குப் பெயர் வைத்ததே பல இடங்களில் ஆட்டைக் கேட்டுத்தான். ஆடாதோடை என்கிறோம், ஆடு தொடாத இலை. ஆடு தீண்டாப் பாளை என்று கரிசலில் தரையோடு படரும் கொடி ஒன்று உண்டு. பெயரிலேயே எச்சரிக்கைப் பலகை. தாவரவியல் நூலில் இந்தக் கொடிக்கு அரிஸ்டலோக்கியா என்று பெயர். அந்தக் குடும்பத்துச் செடிகளில் உள்ள அமிலம் சிறுநீரகத்தைக் கெடுப்பது என்று நான் வகுப்பில் படித்தபோது, ஆட்டின் மூக்குக்கு ஒரு வணக்கம் போடத் தோன்றியது.

முதல் இரண்டு மாதம் அப்பத்தாவின் சட்டத்தில் ஒரு குறையும் இல்லை. அருகம்புல், கொழுக்கட்டைப் புல், மூக்கிரட்டைக் கொடி, வெட்டுக்காயத்துக்குக் கசக்கி வைக்கிறோமே அந்தக் கிணற்றடிப் பூண்டு, முருங்கை ஈர்க்கு, அகத்திக் கொழுந்து, கல்யாண முருங்கை இலை. எல்லாவற்றையும் முயல்கள் ஒரே மாதிரித் தின்னும். இலையின் காம்பைப் பிடித்தால் உள்ளே இழுபட்டுப்போகும், அச்சு எந்திரத்துக்குள் தாள் போவதுபோல. சிவகாசிப் பக்கத்துப் பிள்ளைகளுக்கு இந்த உவமைதான் வரும், பொறுத்துக்கொள்ளுங்கள். முயலின் பல் ஆயுள் முழுவதும் வளர்ந்துகொண்டே இருக்குமாம். நார் உள்ள புல்லை மென்று மென்று தேய்த்தால்தான் அளவாக நிற்கும். படக்கதையில் கேரட்டைக் கடித்துக்கொண்டு நிற்கும் முயலைப் பார்த்துப் பார்த்து, கேரட்தான் அதன் சோறு என்று தங்கையும் நம்பியிருந்தாள். கேரட் இனிப்புப் பண்டம். புல்தான் சோறு.

சட்டம் தடுமாறியது பிப்ரவரியில். மழை நின்று வெகுநாளாகி, ஓடைக்கரை காய்ந்துவிட்டது. பள்ளிக்கூடத்து வேலியோரம் நின்ற சூபாபுல் மரங்கள் மட்டும் பச்சையாக இருந்தன. சவுண்டல் என்றும் சொல்வார்கள். மெக்சிகோ பக்கத்து மரம். எழுபதுகளிலும் எண்பதுகளிலும், காடு வளர்ப்பென்றும் தீவனமென்றும் நாடெங்கும் நட்டார்கள். அப்பத்தாவின் ஆடுகளுக்கு அது விருந்து. கிளையை வளைத்துவிட்டால் மொட்டையாக்கிவிடும். ஆடு கடிக்கிறதே, பிறகென்ன? பறிப்பதும் எளிது. பத்துப் பதினைந்து நாள் முயல்களுக்கு அதையே போட்டேன். வேறு ஒன்றும் சேர்க்கவில்லை.

ஒருநாள் தங்கை 'மேக'த்தைத் தூக்கிக்கொண்டு ஓடிவந்தாள். அவள் பாவாடை முழுவதும் சாம்பல் மயிர். முயலின் முதுகில் உள்ளங்கை அகலத்துக்கு வழுக்கை. வெள்ளை முயல்களைப் பார்த்தால் அவற்றுக்கும் அப்படியே. "சீக்கு வந்துருச்சு, கண்ணு பட்டுருச்சு" என்று ஆளுக்கொன்று சொன்னார்கள். கூடையில் வைத்து அரசு கால்நடை மருத்துவமனைக்குக் கொண்டுபோனேன். மருத்துவர் ஒரு பெண்மணி. ஊசியை எடுக்கவில்லை, முதலில் "என்ன தீவனம் போடுற?" என்று கேட்டார். சொன்னேன். சிரித்துவிட்டார்.

அவர் அன்று சொன்னதைப் பின்னால் கல்லூரி நூலகத்தில் தேடிப் படித்துத்தான் முழுதாகப் புரிந்துகொண்டேன். சூபாபுல் இலையில் மைமோசின் என்றொரு பொருள் இருக்கிறது. மயிர்க்கால்களில் நடக்கும் வளர்ச்சியை அது நிறுத்திவிடும். அப்படியானால் ஆட்டுக்கு ஏன் மயிர் உதிரவில்லை? ஆட்டின் வயிற்றின் முதல் அறையில் கோடிக்கணக்கான நுண்ணுயிர்கள் குடியிருக்கின்றன. இலையை முதலில் தின்பவை அவை, ஆடு அப்புறம்தான். நஞ்சை முறிக்கும் வேலையும் அங்கேயே நடந்துவிடுகிறது. ஆஸ்திரேலியாவில் சூபாபுல் தின்ற மாடுகள் நோயுற்றன. ஹவாய்த் தீவில் அதே இலையைத் தின்ற ஆடுகள் நலமாக இருந்தன. ரேமண்ட் ஜோன்ஸ் என்ற ஆஸ்திரேலிய அறிஞர் காரணத்தைத் தேடிப் போனார். ஹவாய் ஆட்டின் வயிற்றில் இருந்த ஒரு நுண்ணுயிர்தான் காரணம் என்று தெரிந்தது. எண்பதுகளில் அதை ஆஸ்திரேலியாவுக்குக் கொண்டுவந்து மாடுகளின் வயிற்றில் சேர்த்தார்கள், மாடுகள் பிழைத்தன. அந்த நுண்ணுயிருக்குப் பின்னாளில் ஜோன்சின் பெயரையே சேர்த்து வைத்தார்கள். ஒரு நாட்டு ஆட்டின் வயிற்றை இன்னொரு நாட்டு மாட்டுக்குக் கடன் கொடுத்த கதை இது!

முயலின் வயிறோ வேறு. அதற்கும் நுண்ணுயிர் உண்டு. ஆனால் அவை குடியிருப்பது பின்புறத்துப் பெருங்குடற்பையில். நஞ்சு முதலில் இரைப்பையும் சிறுகுடலும் தாண்டி இரத்தத்தில் கலந்துவிடும். முறிக்கிறவன் கடைசி வாசலில் உட்கார்ந்திருப்பான். அங்கே செரித்த சத்தையும் வீணாக்காமல் இருக்கத்தான் முயல், மென்மையான ஒருவகைப் புழுக்கையைத் தானே வாய் வைத்துத் திரும்ப உண்கிறது. (முதன்முதலில் பார்த்தபோது தங்கை அருவருத்து அழுதுவிட்டாள்.) இன்னொன்றும் உண்டு. நாய், பூனை வேண்டாததைத் தின்றால் கக்கிவிடும். முயலால் வாந்தி எடுக்க முடியாது. உள்ளே போனது போனதுதான்.

சூபாபுல்லை நிறுத்தினோம். மயிர் மெல்ல முளைத்தது. மற்றப் புல்லோடு கொஞ்சமாகக் கலந்து கொடுத்தால் கெடுதல் இல்லை, அதையே சோறாக்கிவிடாதே என்றார் மருத்துவர். வேலிமசால் விதை கொஞ்சம் கொடுத்து, தண்ணீர்க் குழாயடியில் விதைக்கச் சொன்னார். விதைத்தால் தொண்ணூறு நாளில் முதல் அறுப்பு. பிறகு நாற்பது நாளுக்கு ஒருமுறை அறுக்கலாம். இன்னும் பல சொன்னார். கடைத்தெருவில் பொறுக்கிவரும் முட்டைக்கோஸ் இலை வயிற்றை உப்ப வைக்கும். வெங்காயத் தாளும் பூண்டும் ஆகாது. தக்காளிச் செடியின் பழம் வேறு, இலை வேறு, இலை கூடாது. கடலைக்கொடி நல்லது, ஆனால் பூசணம் பூத்த கொடியும் புண்ணாக்கும் முயலுக்கு எமன். எல்லாவற்றையும் கணக்கு நோட்டின் பின்பக்கத்தில் எழுதிக்கொண்டு வந்தேன்.

இங்கேதான் என் தவறு தொடங்குகிறது.

அதுவரை மாலையில் புல்லுக்கட்டைக் கொண்டுவந்தால் முதலில் அப்பத்தாவின் முன்னால் அவிழ்ப்பேன். அவள் கட்டிலில் உட்கார்ந்தபடியே கையை விட்டு அளைவாள்; இரண்டு மூன்று இலையை எடுத்து வெளியே போடுவாள்; "ம்" என்பாள். அதன் பிறகே கூண்டுக்குப் போகும். மருத்துவமனையிலிருந்து வந்த அன்று நான் வாசலிலேயே ஆரம்பித்துவிட்டேன். "ஆடு வேற, மொசல் வேற அப்பத்தா. ஆட்டுக்கு வயித்துல நாலு அறை. உன் சட்டம் தப்பு" என்றேன். அவள் விடவில்லை. "அம்பது வருசம் மேச்சிருக்கேன், ஒரு குட்டி செத்ததில்ல" என்றாள். தான் பிடித்த முயலுக்கு மூன்றே கால் என்பார்களே, நிஜமாகவே முயலை வைத்துக்கொண்டு அந்தப் பழமொழியைச் சொல்லிச் சிரித்தேன். தங்கையும் சிரித்தாள். அப்பத்தா எழுந்து ஆட்டுக் கொட்டகைக்குப் போய்விட்டாள். மறுநாளிலிருந்து புல்லுக்கட்டு நேராகக் கூண்டுக்குப் போயிற்று. என்னிடம்தான் நோட்டு இருக்கிறதே!

அவள் சட்டத்தில் ஒன்று தவறு என்று தெரிந்ததும், அவளுடைய கண்ணையும் சேர்த்துத் தள்ளிவிட்டேன். அவளுக்குத் தெரிந்தவை எத்தனை! பூவெடுக்காத சோளப்பயிரில், அதுவும் மழையில்லாமல் வாடி நிற்கும் இளம்பயிரில், ஆட்டையோ மாட்டையோ விடமாட்டாள். அந்தப் பயிரில் உண்டாகும் சயனைடு நஞ்சைப் பற்றி நான் இப்போது தேர்வில் எழுதுகிறேன். அவள் பெயர் தெரியாமலே அதைக் காத்துவந்தாள். உன்னிச்செடி, பார்த்தீனியம், ஆமணக்கு, காட்டாமணக்கு ஆகியவற்றின் பக்கம் அரிவாளைக் கொண்டுபோகவே விடமாட்டாள். பட்டாசு ஆபீஸ் வேலியோரத்துப் புல்லையும் அறுக்கக்கூடாது என்பாள். "அது மருந்து விழுந்த மண்ணு." வானத்தில் பச்சை ஒளி காட்டுவதற்குச் சேர்ப்பது பேரியம் நைட்ரேட், அது நஞ்சு. அம்மாவையும் முழங்கை வரை சோப்புப் போட்டுக் கழுவிய பிறகே முயலைத் தொட விடுவாள்.

மார்ச்சில் ஆலைகளைத் திறந்தார்கள். அம்மா விடியுமுன் ஆபீஸ் வண்டிக்குக் கிளம்பிவிடுவாள். வீட்டில் எல்லாருக்கும் மகிழ்ச்சி. மளிகைக் கடைப் பாக்கி குறையும். எனக்கோ முழுஆண்டுத் தேர்வு நெருங்கியது. 'மேகம்' அப்போது ஈன்று ஒன்பது நாள். ஆறு குட்டிகள். பால் கொடுக்கும் முயல் நிறையத் தின்னும். ஊரில் புல்லே இல்லை. நான்கு வழிச்சாலையின் நடுத்திட்டில் மட்டும் பச்சை தெரிந்தது. அங்கே வரிசையாக அரளி வைத்திருக்கிறார்கள் அல்லவா? லாரியில் தண்ணீர் ஊற்றுகிறார்கள். அரளிக்கு ஊற்றிய தண்ணீரில் அடியில் அருகு முளைத்துக் கிடந்தது. அரளியை ஏன் நட்டார்கள் என்று அன்று யோசிக்கவில்லை. வெயிலைத் தாங்கும், புகையைத் தாங்கும், எல்லாவற்றுக்கும் மேலாக ஆடு மாடு அதைக் கடிக்காது. அப்பத்தாவின் சட்டத்தைச் சாலை போட்டவர்களும் அறிந்திருக்கிறார்கள்.

அந்தி மயங்கும் நேரம். சாலையைக் குறுக்கே கடந்ததே தவறு. அதற்கே அம்மாவிடம் அடி வாங்கியிருக்க வேண்டும். அவசர அவசரமாக அறுத்தேன். சில நாள் முன்னால் அரளியைக் கத்தரித்துவிட்டிருந்தார்கள். வெட்டிய தழை புல்லுக்குள்ளேயே விழுந்து காய்ந்து கிடந்தது. கைப்பிடியாக வாரி அறுத்ததில் அதுவும் சேர்ந்து வந்திருக்கிறது. வீட்டுக்கு வந்தபோது அப்பத்தா கட்டிலில்தான் இருந்தாள். கட்டைப் பார்த்தாள். நான் நிற்கவில்லை. அவளும் கூப்பிடவில்லை.

பச்சை அரளி கசக்கும். பிராணிகள் பெரும்பாலும் துப்பிவிடும். காய்ந்த இலையிலோ கசப்புத் தெரிவது குறைவு. நஞ்சு மட்டும் குறைவதில்லை. அதில் உள்ள ஒலியாண்ட்ரின் நேரே இதயத்தைப் பிடிக்கும். இதையெல்லாம் பிறகு படித்தேன். மறுநாள் விடியற்காலையில் தங்கைதான் பார்த்தாள். 'மேகம்' ஒருக்களித்துக் கிடந்தது. தங்கை அதன் விலாவில் கை வைத்துப் பார்த்துவிட்டு, "அண்ணே, நின்னு நின்னு அடிக்குது" என்றாள். முயலின் நெஞ்சு எப்போதும் எண்ண முடியாத வேகத்தில் துடிப்பது. அன்று நான் எண்ணினேன். மருத்துவமனை திறக்க இன்னும் இரண்டு மணி நேரம் இருந்தது. அவ்வளவு நேரம் அது இருக்கவில்லை.

மருத்துவர், மீந்த புல்லைக் கொண்டுவரச் சொல்லி மேசைமேல் பரப்பினார். ஒரு இலையை எடுத்து என் முன்னால் வைத்தார். நீளமாக, தோல் போலத் தடித்து, நடுநரம்பு வெளுத்து, இருபுறமும் சீப்புப் பல் போல நெருக்கமாகக் கிளை நரம்புகள். காய்ந்தாலும் மாறவில்லை. "இது என்ன?" என்றார். எனக்குத் தெரியும். அம்மன் கோவில் மாலையில் தினம் பார்க்கிற செடி. யாருக்குத்தான் தெரியாது? தெரிந்தும் பார்க்கவில்லை. கணக்கு நோட்டில் அரளி என்ற சொல்லே இல்லை. இவ்வளவு தெரிந்த ஒன்றை எழுதிக்கொள்வானேன் என்று விட்டிருந்தேன். (அண்மையில், 2024 மே மாதம், கேரளத்தில் திருவிதாங்கூர், மலபார் தேவசம் போர்டுகள் நைவேத்தியத்திலும் பிரசாதத்திலும் அரளிப்பூ கூடாது என்று நிறுத்தியதைச் செய்தித்தாளில் படித்தபோதும் அந்த மேசைதான் நினைவுக்கு வந்தது.)

வீட்டில் ஆறு குட்டிகள். கண் திறக்கவில்லை; முயல்குட்டி கண் திறக்கப் பத்து நாளுக்கு மேல் ஆகும். அழுவதற்குக்கூட நேரமில்லை. அப்பத்தாதான் எழுந்தாள். வெள்ளைப் பெட்டைகளில் ஒன்று ஐந்து நாள் முன்பு நான்கு குட்டி ஈன்றிருந்தது. அதன் பெட்டியில் கிடந்த மயிரையும் வைக்கோலையும் கொஞ்சம் அள்ளி, தாயில்லாத குட்டிகளின் மேல் தேய்த்தாள். "வாசம் ஒண்ணாயிட்டா வவுத்துப் பிள்ளையின்னு நெனச்சுக்கும். ஆட்டுக்கும் இப்படித்தான் செய்வோம்" என்றாள். பெரிய முயலைக் கொஞ்ச நேரம் வெளியே விட்டுவிட்டு, குட்டிகளைக் கலந்து வைத்தாள். முயல் நாளுக்கு ஒருதரம், சில நிமிடம்தான் பால் கொடுக்கும். அந்த ஒருதரத்துக்காக நாங்கள் மூவரும் இரவு வெகுநேரம் வேப்ப மரத்தடியில் உட்கார்ந்திருந்தோம். அது வந்தது. பெட்டிக்குள் ஏறி நின்றது. யார் பிள்ளை என்று பார்க்கவில்லை.

ஆறில் நான்கு பிழைத்தன. ஆட்டின் சட்டம் அங்கே மட்டும் அப்படியே செல்லுபடியாயிற்று.

"அப்பத்தா, நீ அன்னைக்கே கட்டை அவுத்துப் பாத்திருக்கலாம்ல?" என்று ஒருநாள் கேட்டுவிட்டேன். கேட்டிருக்கக்கூடாது. அவள் நெடுநேரம் பேசவில்லை. பிறகு, "நீதான் படிச்சவனாச்சே" என்றாள். குத்தலாகச் சொல்லவில்லை. அதுதான் இன்றும் உறுத்துகிறது.

விலங்குக்கு நஞ்சு எது என்று தானே தெரியும் என்று பலர் சொல்வதைக் கேட்கிறேன். நம் கரிசலில் துள்ளி ஓடும் காட்டு முயலுக்குத் தெரியலாம். அது இந்த மண்ணிலேயே பிறந்து, நூறு செடிகளில் பத்தைப் பொறுக்கித் தின்கிறது. (அதைப் பிடித்து வளர்க்கலாமா என்று கேட்காதீர்கள்; 1972ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் இருக்கிறது.) வீட்டு முயல் வேறு இனம். ஸ்பெயின், போர்ச்சுகல் நாட்டுக் காடுகளில் தோன்றி, மனிதன் கையில் கூண்டிலேயே தலைமுறை தலைமுறையாகப் பிறந்தது. கொடைக்கானல் மலையில் மன்னவனூரிலும், நீலகிரியில் சாண்டிநல்லாவிலும் உள்ள அரசு ஆராய்ச்சி நிலையங்களில் வளர்த்துப் பெருக்கும் வெள்ளை ஜெயண்டும் சோவியத் சின்சில்லாவும் பெயரிலேயே வெளியூர்க்காரர்கள். கூண்டில் இருப்பதற்குப் பொறுக்கித் தின்ன ஏது வழி? போட்டதைத் தின்னும், பசித்தால் எதையும் தின்னும்.

தின்று சாகவில்லை என்பதும் சான்று ஆகாது. முயல்களில் சிலவற்றின் இரத்தத்தில் ஊமத்தை வகைச் செடிகளின் அட்ரோபின் நஞ்சைச் சிதைக்கும் நொதி ஒன்று இருக்கிறது. மனிதனைப் பித்தாக்கும் இலையை அவை தின்றுவிட்டுச் சும்மா இருக்கும். பக்கத்துக் கூண்டில் உள்ள முயலுக்கு அந்த நொதி இல்லாமல் போகலாம். ஒரே தாயின் பிள்ளைகள் இருவரில் ஒருவனுக்கு மட்டும் கணக்கு வருகிறதே, அதுபோலத்தான்.

கல்லூரியில் தாவரவியல் எடுத்தது ஏன் என்று நேர்காணலின்போது பேராசிரியர் கேட்டார். "பிடிக்கும் ஐயா" என்று மட்டும் சொன்னேன். இரண்டாம் ஆண்டில் செடிகளை அழுத்தி உலர்த்தி ஒட்டும் பயிற்சி வந்தது. துறைக்கு ஒரு தொகுதி கொடுத்தேன். வீட்டுக்கு ஒன்று தனியாகச் செய்தேன். எங்கள் பக்கத்தில் பழைய காலண்டர் அட்டைக்குப் பஞ்சமா? சிவகாசியில் அச்சான முருகன் படத்துக்குப் பின்பக்கத்து வெள்ளையில், அரளி, எருக்கு, உன்னி, ஆமணக்கு, பார்த்தீனியம், தக்காளி இலை என்று வரிசையாக ஒட்டினேன். எழுத்து ஒன்றும் எழுதவில்லை. கூண்டுக்கு மேலே அப்பத்தாவின் கண்மட்டத்தில் ஆணி அடித்து மாட்டினேன். 'மேக'த்தின் குட்டிகளுக்குப் பேரக்குட்டிகளும் வந்தாயிற்று. ஆடுகளைத்தான் விற்றுவிட்டோம், அவளால் இனி மேய்க்க முடியாது. ஆனாலும் புல்லுக்கட்டு மறுபடி அவள் கட்டிலுக்கு முன்னால்தான் அவிழ்கிறது.

அட்டையை மாட்டிய அன்று மூக்கு முட்டும்படி அருகில் போய், ஒவ்வொரு இலையாக விரலால் தொட்டுக்கொண்டே போனாள். கடைசி இலைக்குப் பிறகு வெற்று இடத்தில் விரல் நின்றது.

"ஆடு தீண்டாப் பாளையை எங்கய்யா?" என்றாள்.

விட்டுப்போயிற்று. மறுநாள் காலையில் அரிவாளும் பழைய செய்தித்தாளுமாக ஓடைக்கரைக்குப் போனேன். எந்த இடத்தில் இருக்கும் என்று அவள்தான் சொல்லியனுப்பினாள்.